பலாமரத்து முறையும் சர்க்கார் வேலையும்

கொல்லிமலையில் மிளகு என்ன விலை போகும் என்று தெரிய வேண்டுமா, பேப்பர் பார்க்காதே, அவரைப் போய்க் கேள் என்று என்னைக் கைகாட்டுவார்கள். இன்றைக்கும் காட்டுகிறார்கள். நான் படித்தது மூன்றாம் வகுப்பு. அதிலும் பாதி நாள் மாடுகளோடுதான் பாடம். ஆனால் இப்போது எனக்குச் சொந்தமாக லாரி ஓடுகிறது, செம்மேட்டில் குடோன் இருக்கிறது, மாடி வைத்த வீடு இருக்கிறது. எதுவும் யாரும் தூக்கிக் கொடுத்ததல்ல. மிளகு மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு ஒற்றையடிப் பாதையில் அடிவாரம் வரைக்கும் இறங்கியவன் நான். இன்று அதே மிளகு என் லாரியில் கொண்டை ஊசி வளைவுகளில் ஆரன் அடித்துக்கொண்டு இறங்குகிறது. அந்த ஆரனும் நானே பார்த்து வாங்கியதுதான். நாலு வளைவுக்கு அப்பால் இருக்கிற பஸ்காரனும் ஒதுங்கி நிற்பான்.

வழக்குத் தீர்ப்பதிலும் அப்படித்தான். மலையில் பல ஊர்கள் சேர்ந்ததை ஒரு நாடு என்போம். எங்கள் திருப்புலி நாட்டில் வரப்புத் தகராறா, தண்ணீர்த் தகராறா, புருஷனோடு கோபித்துக்கொண்டு பெண் தாய்வீட்டுக்கு வந்துவிட்டாளா, என்னைத்தான் கூப்பிடுவார்கள். ஒரு காப்பி குடித்து முடிப்பதற்குள் முடித்துக் கொடுப்பேன். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. பெருமைதான், ஆனால் நியாயமான பெருமை.

நான் தீர்த்து வைத்ததிலேயே பெரியது, என் தங்கச்சி வீட்டில் கிளம்பிய வாரிசு வேலைத் தகராறு. அதை மலை முழுக்க ஆளுக்கொரு விதமாகச் சொல்லித் திரிகிறார்கள். சில பேர் என்னைச் சேர்க்காமலே சொல்கிறார்களாம். அதனால்தான் நானே எழுதி வைக்கிறேன்.

என் தங்கச்சி எனக்கு ரொம்ப இளையவள். எங்கள் இருவருக்கும் நடுவில் பிறந்தவை எதுவும் தங்கவில்லை. அதனால் அவள் எனக்குப் பாதி தங்கச்சி, பாதி மகள். நான் மூன்றாவதோடு நின்றேன், அவளை எட்டாவது வரைக்கும் படிக்க வைத்தேன். அந்தக் காலத்தில் எங்கள் பக்கம் பெண்பிள்ளை எட்டாவது தேறினால் ஊரே வந்து பார்த்துவிட்டுப் போகும். குண்டூர் நாட்டில் அவளைக் கட்டிக் கொடுத்தேன். மாப்பிள்ளை மலையிலேயே ஓர் அரசு மாணவர் விடுதியில் சமையல்காரர். சர்க்கார் உத்தியோக மாப்பிள்ளையைத் தேடிப் பிடித்தது யார் என்று நான் சொல்லத் தேவையில்லை.

நல்ல மனுஷன். பையன்கள் சாப்பிடாமல் அவர் வாயில் பருக்கை போகாது. காலையில் அவர் விடுதிக்குக் கிளம்பும்போது என் தங்கச்சியும் கூடவே போய்விடுவாள். வெங்காயம் உரிக்க, அரிசி களைய என்று ஆரம்பித்தது, கொஞ்ச நாளில் குழம்பு கூட்டுவதே அவள்தான் என்று ஆகிவிட்டது. அவளுக்குச் சம்பளம் ஒரு டம்ளர் டீ. ஒரு நாள் மத்தியானம் பையன்களுக்கெல்லாம் சோறு போட்டுவிட்டு, நெஞ்சை அடைக்கிறது என்று சுவரோரம் உட்கார்ந்தவர், வண்டி மலையை விட்டு இறங்குவதற்குள் போய்விட்டார். அழுதோம், மண்ணில் வைத்தோம். அதற்கு மேல் அதை எழுத எனக்குக் கை வராது. பின்னால் நடந்ததைக் கேட்டிருந்தால் வயிறு குலுங்கச் சிரித்திருக்கக்கூடிய ஆள் அவர். அந்தத் தைரியத்தில்தான் மேலே எழுதுகிறேன்.

சர்க்கார் வேலையில் இருக்கும்போதே ஒருத்தர் இறந்துவிட்டால், அவர் வாரிசில் ஒருத்தருக்குக் கருணை அடிப்படையில் வேலை கொடுப்பார்கள். ஒருத்தருக்கு மட்டும்தான். மற்ற வாரிசுகள் எல்லாரும், இன்னாருக்குக் கொடுப்பதில் எங்களுக்கு ஆட்சேபணை இல்லை என்று கையெழுத்துப் போட வேண்டும். ஒரு கையெழுத்துக் குறைந்தாலும் மனு நகராது. மனு போட ஒரு கெடுவும் உண்டு. கெடு தாண்டினால் அந்த வேலை யாருக்கும் இல்லை.

என் தங்கச்சிக்கு ஒரு மகன், ஒரு மகள். இரண்டு பேருக்கும் கல்யாணமாகிவிட்டது. மகன் பத்தாவதில் தவறியவன். குச்சிக்கிழங்கும் மிளகும் வைத்துப் பிழைக்கிறான், வாயில்லாப் பூச்சி. அவனுக்கும் சேர்த்து வாய் வைத்திருப்பவள் அவன் பெண்டாட்டி. எங்கள் திருப்புலி நாட்டுப் பெண்தான், நான் பார்த்து முடித்த சம்பந்தம்தான். நிறம், குணம், கைவேலை எல்லாம் பார்த்தேன். நாக்கை மட்டும் பார்க்கவில்லை. மகள் பி.காம். படித்தவள், டைப்பும் தெரியும். அடிவாரத்தில் வாழ்க்கைப்பட்டிருக்கிறாள். கட்டிக் கொடுத்த பெண்ணுக்கும் இப்போது உரிமை உண்டு என்று அவள் விசாரித்து வைத்திருந்தாள்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து விருந்தாளிகள் கைகழுவிக்கொண்டிருந்தபோதே ஆரம்பித்துவிட்டது. அப்பனுக்கு முதல் மண் போட்டது மகன், அதனால் அப்பன் வேலை மகனுக்குத்தான் என்றாள் மருமகள். மகள் சும்மா இருப்பாளா?

“மண்ணுப் போட்டதுக்கெல்லாம் வேலை குடுக்கறதுன்னா, குழி வெட்டுனவருக்குத்தான் அண்ணி முதல்ல குடுக்கோணும்.”

“கட்டிக் குடுத்தன்னைக்கே சீரு வாங்கிட்டுப் போனவிங்க, இப்ப ஆபீசு நாற்காலியும் சீருல சேரோணுமா?”

மகள் விடவில்லை. தனக்குக் கொடுத்தால் படிப்புக்குத் தகுந்த எழுத்து வேலை கிடைக்கும், நாற்காலியும் ஃபேனும் உண்டு, அண்ணனுக்குக் கொடுத்தால் மறுபடியும் கரண்டிதான் என்றாள். அதுவரை பேசாமல் பாத்திரத்தை ஒதுக்கிக்கொண்டிருந்த என் தங்கச்சி தலை நிமிர்ந்தாள்.

“அந்தக் கரண்டிதான் கண்ணு உன்னைய பி.காம். படிக்க வெச்சுது.”

அன்றைக்கு அவள் பேசியது அவ்வளவுதான். நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. துக்கத்தில் சொல்கிறாள் என்று நினைத்தேன்.

அதன் பிறகு நடந்ததுதான் வேடிக்கை. மகனுக்கு மகள் கையெழுத்து வேண்டும், மகளுக்கு மகன் கையெழுத்து வேண்டும், இரண்டு பேருக்கும் அம்மா கையெழுத்து வேண்டும். அம்மாவை யார் பக்கம் இழுப்பது? சோற்றால் இழுத்தார்கள். மருமகள் தன் வீட்டிலிருந்து நேரம் தவறாமல் சாமைச் சோறும் கருவாட்டுக் குழம்பும் தூக்கில் கொண்டுவந்து வைப்பாள். மகள் அடிவாரத்திலிருந்து பஸ் கண்டக்டர் கையில் டிபன் கேரியர் கொடுத்தனுப்புவாள். இட்டிலி, கோழிக் குழம்பு, பணியாரம் என்று தினம் ஒரு தினுசு. அந்தக் கண்டக்டர் என் தங்கச்சி வீட்டுக்கு நேராக வந்ததும் விசிலடித்து பஸ்ஸை நிறுத்திக் கேரியரைக் கொடுத்துவிட்டுத்தான் போவார். பஸ்ஸில் இருக்கிறவர்களுக்கெல்லாம் இன்றைக்கு மகள் வீட்டுச் சாப்பாடு என்ன என்று தெரியும். இவ்வளவு வந்தும் என் தங்கச்சி இளைத்துக்கொண்டே போனாள். தூக்கையும் கேரியரையும் எடுத்துக்கொண்டு நேரே விடுதிக்குப் போய்ப் பையன்கள் தட்டில் கொட்டிவிடுவாளாம். புதிதாகத் தற்காலிகமாக வந்த சமையல்காரருக்கு மலைக் குளிரும் ஒத்துக்கொள்ளவில்லை, பையன்கள் பசியும் புரிபடவில்லை. அதனால் அவருக்கு ஒத்தாசை செய்கிறேன் என்று அடுப்படியிலேயே இவள் இருந்துவிடுவாள்.

நான் ஒரு நாள் போய்ப் பார்த்தேன். வெளியே விறகுக் கட்டைமேல் உட்கார்ந்திருந்தாள்.

“எனக்கு ரெண்டு கண்ணுண்ணா. இவனுக்குக் கையெழுத்துப் போட்டா அவ ஊட்டுப் படி ஏற முடியாது. அவளுக்குப் போட்டா இவன் ஊட்டுல தண்ணி குடிக்க முடியாது. எந்தக் கண்ணைக் குத்திக்கறதுன்னு சொல்லுங்க.”

கெடுவோ நெருங்கிக்கொண்டிருந்தது. வேலையும் போகும், பிள்ளைகளும் ஆளுக்கொரு திக்காகப் போவார்கள், நடுவில் இவள் நிற்பாள். எனக்கு மனசு கேட்கவில்லை. அண்ணன் இருக்கிறேன், நீ அழாதே கண்ணு என்றேன். அவள் அழவில்லைதான். இருந்தாலும் அப்படிச் சொல்வதுதான் முறை.

யோசனை எனக்கு எப்போதும் மரத்தடியில்தான் வரும். என் தங்கச்சி வீட்டுக்குப் பின்னால் ஒரு பலாமரம் நிற்கிறது. அவள் வீட்டுக்காரருக்கும் அவருடைய அண்ணன் வீட்டுக்கும் பொது. எங்கள் மலையில் இந்த மாதிரிப் பொதுமரத்தை யாரும் வெட்டிப் பங்கு போடுவதில்லை. காயையும் எண்ணிப் பிரிப்பதில்லை. ஒரு வருஷம் இந்த வீட்டு முறை, மறு வருஷம் அந்த வீட்டு முறை. முறை யாருடையதோ அவர்கள் மட்டும்தான் ஏறுவார்கள். மற்றவர்கள் கீழே விழுந்த பழத்தைக்கூடத் தொடமாட்டார்கள். இதில் இன்னொரு வழக்கமும் உண்டு. வீட்டு ஆம்பளை தவறிவிட்டால், அதற்கடுத்து அந்த வீட்டுக்கு வருகிற முதல் முறை அவர் பெண்டாட்டியுடையது. பிள்ளைகள் அதற்கப்புறம்தான். அதற்காக அவள் மரமேறி எல்லாப் பழத்தையும் தின்னப்போவதில்லை. முதல் பழத்தை அவள் கையால் அறுத்து எல்லாருக்கும் கொடுப்பாள். பிறகு நீங்களே பறித்துக்கொள்ளுங்கள் என்று பிள்ளைகளிடம் விட்டுவிடுவாள். ஒரு மரியாதை, அவ்வளவுதான்.

நான் அந்த மரத்தை அண்ணாந்து பார்த்தேன். அடிமரம் முழுக்கப் பிஞ்சு. எனக்குப் பளிச்சென்று விளங்கிவிட்டது. சர்க்கார் வேலை என்றால் என்ன? மாசத்துக்கு ஒரு தடவை காய்க்கிற பலாமரம். இதைப் பங்கு போட முடியாது, முறை வைக்கலாம் அல்லவா? இவ்வளவு படித்தவர்கள் இருக்கிற நாட்டில் இது ஒருத்தருக்கும் தோன்றவில்லை பாருங்கள்.

ஊர்க்கூட்டம் கூட்டச் சொன்னேன். கோயில் முன்னால் குண்டூர் நாட்டு ஊர்க்கவுண்டர் உட்கார்ந்தார், வெற்றிலைத் தட்டு வைத்தார்கள். மகனும் மருமகளும் ஒரு பக்கம், மகள் எதிர்ப்பக்கம், என் தங்கச்சி நடுவில். நான் எழுந்து பேசினேன். மகன் கொஞ்ச வருஷம் வேலை பார்க்கட்டும், பிறகு விட்டுவிட்டு மகள் கொஞ்ச வருஷம் பார்க்கட்டும், பலாமரம் மாதிரி முறை போட்டுக்கொள்ளுங்கள் என்றேன். கூட்டத்தில் ஒவ்வொருவராகத் தலையாட்டினார்கள். ஊர்க்கவுண்டர், இத்தனை நாள் இது யாருக்கும் தோணலையே என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். அந்தக் கூட்டத்தில் இருந்தவர்கள் இன்றும் உயிரோடு இருக்கிறார்கள், கேட்டுக்கொள்ளலாம்.

மகள் மட்டும் இழுத்தாள்.

“மாமா, ஆபீசுல இதுக்கு ஒத்துக்குவாங்களா?”

“ஒத்துக்க வெக்கறது என் பாடு சாமி. பேசற விதத்துல பேசினாப் பாறையும் நகரும்.”

அவளும் சரி என்றாள். ஏன் சரி என்றாள் என்று எனக்குப் பிறகுதான் பிடிபட்டது. முதல் முறையைத் தான் வாங்கிவிட்டால் அப்புறம் விடவே வேண்டியதில்லை என்று அவள் கணக்குப் போட்டிருக்கிறாள். மருமகளும் அதே கணக்குத்தான். அதனால் முறைக்கு எல்லாரும் சம்மதம், முதல் முறை யாருக்கு என்பதில் மறுபடியும் சண்டை. மூத்தவனுக்குத்தான் முதலில் என்றாள் மருமகள். படித்தவளுக்குத்தான் என்றாள் மகள். ஊர்க்கவுண்டர் இரண்டு பக்கமும் திரும்பித் திரும்பிக் கழுத்து வலி கண்டுவிட்டார்.

அப்போது என் தங்கச்சி சேலையைத் தோளில் இழுத்துவிட்டுக்கொண்டு ஊர்க்கவுண்டரைப் பார்த்தாள்.

“ஏனுங்க, முறைன்னு வந்துட்டா முதல் முறை எனக்குத்தானுங்களே?”

கூட்டம் சிரித்தது. ஊர்க்கவுண்டரும் சிரித்தார். சிரித்துக்கொண்டே, அது நியாயந்தானே, வழக்கத்தை மாற்ற முடியுமா என்றார். மருமகள் அவசரமாகத் தலையாட்டினாள். மகளும் ஆட்டினாள். மரத்து வழக்கம் எல்லாருக்கும் தெரியுமே. அம்மா பேருக்கு ஒரு மாசம் போய்விட்டு, முதல் பழம் அறுத்துக் கொடுக்கிற மாதிரி முதல் சம்பளத்தில் எல்லாருக்கும் துணி எடுத்துக் கொடுத்துவிட்டு நம்மிடம் விட்டுவிடுவாள் என்று இரண்டு பேருக்கும் நினைப்பு. எதிராளிக்குப் போகாமல் அம்மாவிடம் நின்றால் பிறகு அம்மாவை வளைத்துக்கொள்ளலாம் என்றும் நினைப்பு. அங்கேயே வெற்றிலையைக் கையில் வாங்கிச் சத்தியம் செய்தார்கள். ஆட்சேபணை இல்லை என்பதை மகளே முத்து முத்தாக எழுதினாள், அண்ணனும் தங்கையும் கையெழுத்துப் போட்டார்கள்.

பலா பழுக்கிற நாளில் கலெக்டர் ஆபீசுக்கு மனுவோடு கிளம்பினோம். அன்றைக்கு மனு வாங்குகிற நாள். தபாலில் அனுப்பினால் போதும் என்று மகள் சொன்னாள். நான் விடவில்லை. யாருக்கு அப்புறம் யார் என்பதைச் சர்க்கார் எழுத்திலேயே வாங்கிவிட வேண்டும், நாளைக்குத் தகராறு வரக் கூடாது என்றேன். மனு வாங்குகிற மேடத்துக்கு மரியாதை செய்ய ஒரு பலாப்பழமும் எடுத்துக்கொண்டோம். அந்த வருஷம் தங்கச்சி வீட்டு முறை. முதல் பழம். அதை மகன் தோளில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் ஏறினான். வளைவுக்கு வளைவு பழம் ஒரு பக்கம், அவன் ஒரு பக்கம் சாய்ந்தார்கள். மருமகள் எலுமிச்சம்பழத்தை மோந்தபடி, அந்தப் பக்கம் தெரியும் பள்ளத்தையும் இந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கும் எங்களையும் பார்க்காமல் கண்ணை மூடிக்கொண்டாள். அடிவாரத்தில் மகள் ஏறினாள். ஏறினவள் அண்ணனைப் பார்க்காமல் பழத்தை மட்டும் பார்த்து, நல்ல வாசம் என்றாள். பல மாசத்துக்கு அப்புறம் அண்ணன் இருக்கிற திசையில் அவள் சண்டையில்லாமல் பேசிய முதல் வார்த்தை அதுதான்.

ஆபீஸ் வாசலில் பையெல்லாம் சோதித்தார்கள். பழத்தை உள்ளே விடவில்லை. என் தங்கச்சி பையில் ஒரு கத்தியும் எண்ணெய்க் குப்பியும் இருந்தன. கத்தியைப் பார்த்ததும் போலீஸ்காரர் முகம் மாறிவிட்டது. பழம் அறுக்கத்தானுங்க என்றாள். எல்லாவற்றையும் எதிரில் டீக்கடையில் விட்டுவிட்டு வரச் சொன்னார். மேடத்துக்குக் கொடுக்கப்போகிற பழத்துக்கு நீ எதற்குக் கத்தியும் எண்ணெயும் கொண்டுவந்தாய் என்று கேட்டேன். எதற்கும் இருக்கட்டும் என்றாள்.

அந்த ஆபீசில் மேடம் மலைக்குக் கீழே சமவெளிப் பக்கத்துப் பெண். என் பேத்தி வயசுதான் இருக்கும், ஆனால் பார்வை கெட்டி. மனுவைப் படித்துவிட்டு, எல்லாம் சரியாக இருக்கிறது, போகலாம் என்றார். நான் போவேனா? உட்கார்ந்து, பலாமரத்திலிருந்து தொடங்கி எல்லாவற்றையும் விளக்கினேன். முறை என்றால் என்ன, அம்மாவுக்கு அப்புறம் மகன், மகனுக்கு அப்புறம் மகள். நான் பேசி முடிக்கிற வரைக்கும் அவர் பேனாவை மூடி வைத்துக் கேட்டார். இந்தக் காலத்து அதிகாரிகள் யாரும் அப்படி உட்கார்ந்து கேட்கமாட்டார்கள். நான் பேசியதில் ஒரு இது இருந்திருக்க வேண்டும். பக்கத்து மேசைக்காரர் மட்டும் ஃபைலைத் தூக்கி முகத்தை மறைத்துக்கொண்டார். தோள் குலுங்கியது.

“பெரியவரே, மரத்துக்குச் சரி. இந்த வேலைக்கு முறை கிடையாதுங்க. மனுவுல யார் பேர் இருக்கோ அவங்களுக்குத்தான். அவங்க ஓய்வு பெறுற வரைக்கும் பார்ப்பாங்க. நடுவுல விட்டாலும் பிள்ளைங்களுக்கு மாத்தித் தர முடியாது. அதோட முடிஞ்சுது.”

மேலே ஓடிக்கொண்டிருந்த ஃபேன் சத்தம் அப்போதுதான் எனக்குக் கேட்டது. மருமகள் புருஷன் சட்டையைப் பின்னாலிருந்து இழுத்தாள். வேண்டுமானால் இப்போதே பேசி முடிவு செய்யுங்கள், யார் பேருக்கு மனு என்று மேடம் கேட்டார். நான் பதில் சொல்லத் தொண்டையைச் சரிசெய்தேன். என் தங்கச்சி முந்திக்கொண்டாள்.

“என் பேருக்குத்தானுங்க. ஊர்க்கூட்டத்துல வெத்தலை வெச்சுக் குடுத்த முறைங்க.”

“உங்களால இந்த வேலை செய்ய முடியுமாம்மா? நூத்துக்கணக்குல பசங்க இருப்பாங்க.”

“கல்யாணம் ஆனதுலேருந்து அதைத்தானுங்க செய்யறேன். சம்பளந்தான் அவரு பேருல வந்துது.”

மேடம் மனுவை இன்னொரு தடவை புரட்டினார். பிறகு பிள்ளைகள் பக்கம் திரும்பினார். எழுத்தில் கையெழுத்து இருக்கிறது, இருந்தாலும் இப்போது விஷயம் தெரிந்தபிறகு கேட்கிறேன், உங்களுக்கு ஆட்சேபணை உண்டா என்றார். ஒருத்தர் உண்டு என்று சொல்லியிருந்தால் போதும், மனு நின்றிருக்கும். கெடுவும் இல்லை, பிள்ளைகளும் இல்லை என்று என் தங்கச்சி வெறுங்கையோடு பஸ் ஏறியிருப்பாள். மகன் மகளைப் பார்த்தான். மகள் மகனைப் பார்த்தாள். கூடப் பிறந்தவர்கள் அல்லவா, பார்த்ததும் ஒருத்தர் மனசு ஒருத்தருக்குத் தெரிந்துவிட்டது.

மகன் தலையைச் சொறிந்தான்.

“தங்கச்சிக்குக் குடுக்கலீன்னா எனக்கு ஆட்சேபணை இல்லீங்க.”

“அண்ணனுக்கும் குடுக்கலீன்னா எனக்கும் இல்லீங்க” என்றாள் மகள்.

மேடம் அதுவரை சிரிக்காமல் தாக்குப்பிடித்தவர், இதற்குச் சிரித்துவிட்டார். ஃபைல்காரர் எழுந்து வெளியே போய்விட்டார். மனுவில் முத்திரை விழுந்தது.

எதிர் டீக்கடைக்கு வந்தோம். மருமகள் முகத்தைத் திருப்பிக்கொண்டு பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்தாள். என் தங்கச்சி கைகளில் எண்ணெய் தடவிக்கொண்டு, தரையில் பேப்பரை விரித்து, பழத்தைப் பிளந்தாள். வாசம் டீக்கடையைத் தாண்டி மனுக்காரர்கள் வரிசை வரைக்கும் போயிற்று.

“வேலையைத்தான் பங்கு போடக் கூடாதுன்னுட்டாங்க. பழத்துக்கு ஒண்ணும் சொல்லலை. வாங்க, உக்காருங்க.”

மகனுக்கு ஒரு கை, மகளுக்கு ஒரு கை கொடுத்தாள். மருமகள் திரும்பவில்லை. எங்கத்தை இப்படிக் கவுத்திட்டாங்களே பெரியப்பா என்று என்னிடம் ஆரம்பித்தாள். திறந்த வாயில் என் தங்கச்சி ஒரு சுளையை வைத்துவிட்டாள். துப்பவும் முடியாது, பேசவும் முடியாது. மென்றுதானே ஆக வேண்டும். அவள் வாய் பேசாமல் இருந்ததை நான் அன்றைக்குத்தான் பார்த்தேன். மகள் முதலில் சிரித்தாள். பிறகு மகன். கடைசியில் மருமகளும் மென்றுகொண்டே சிரித்துவிட்டாள். சிரிக்காமல் என்ன செய்வாள், அவளுக்குத் தோல்வி என்றால் நாத்தனாருக்கும் தோல்விதானே. எதிர்த்தரப்பும் தோற்றுவிட்டால் மனுஷனுக்கு ஒரு நிம்மதி. டீக்கடைக்காரருக்கு, போலீஸ்காரருக்கு, வரிசையில் நின்ற முன்பின் தெரியாதவர்களுக்கெல்லாம் சுளை போனது. திரும்பும்போது பஸ்ஸில் அண்ணனும் தங்கையும் ஒரே சீட்டில் உட்கார்ந்து, பிசின் ஒட்டிய விரல்களைத் தேங்காயெண்ணெய் போட்டுத் தேய்த்துக்கொண்டே வந்தார்கள். அடிவாரத்தில் இறங்கும்போது மகள், அண்ணி, அம்மா வீட்டில் கிடக்கிற கேரியரை நாளைக்கு பஸ்ஸில் கொடுத்துவிடுங்கள் என்றாள். அனுப்ப மாட்டேன், நீயே வந்து வாங்கிக்கொண்டு போ என்றாள் மருமகள். அது அழைப்புத்தான்.

உத்தரவு வரத் தாமதமாயிற்று. வந்தது. அவர் பார்த்த அதே விடுதி, அதே அடுப்பு. மகன்தான் தினமும் பைக்கில் கொண்டுபோய் விடுகிறான். மருமகள் இப்போது சந்தையில் கிழங்கு வாங்கினாலும், எங்கத்தை சர்க்கார் உத்தியோகம் என்று சொல்லித்தான் விலை கேட்கிறாள். மகள் பரீட்சை எழுதித் தன் பேரிலேயே நாற்காலி வாங்கிக் காட்டுகிறேன் என்று படித்துக்கொண்டிருக்கிறாள். வாங்கிவிடுவாள். எங்கள் ரத்தம்.

என் தங்கச்சி வேலையில் சேர்ந்த கொஞ்ச நாளில், எப்படி நடக்கிறது என்று பார்க்க விடுதிக்குப் போனேன். அங்கே வார்டன் தெற்கத்தி ஆள், சாப்பிடுவதற்கு முன் நெஞ்சில் சிலுவை போட்டுக்கொள்பவர். இந்த ஏற்பாட்டை நான்தான் செய்தேன் என்று அவருக்குத் தெரியாது போலிருக்கிறது. அதனால் முறை யோசனையை முழுவதும் எடுத்துச் சொன்னேன். அவர் கேட்டுவிட்டுச் சிரித்தார்.

“அந்தம்மா ரொம்ப முன்னாடியே என்கிட்ட கேட்டாங்கய்யா. நான் துக்கம் விசாரிக்கப் போன அன்னைக்கே. இந்த வேலையை வாங்கினவங்க வேற ஆளுக்கு மாத்திக் குடுக்க முடியுமான்னு. முடியாதும்மான்னு அப்பவே சொல்லிட்டேன்.”

நான் அடுப்படிக்குப் போனேன். அண்டாவுக்குப் பக்கத்தில் நின்று கிண்டிக்கொண்டிருந்தாள். நீல நிற ஏப்ரன், தலையில் துணி கட்டியிருந்தாள். இளைத்த உடம்பு தேறியிருந்தது.

“ஏங்கண்ணு, முறை நடக்காதுன்னு உனக்கு முன்னயே தெரியுமா?”

கரண்டியை நிறுத்தாமலே பதில் சொன்னாள்.

“முறைன்னு சொன்னது நீங்கதானுங்கண்ணா. நானா சொன்னேன்?”

யோசித்துப் பார்த்தேன். அது சத்தியமான பேச்சு. முறை என்று சொன்னது நான்தான். நான் சொல்லாவிட்டால் அவள் எங்கிருந்து முதல் முறை கேட்டிருப்பாள்? இதைத்தான் ஊரில் சில பேர் விட்டுவிட்டுச் சொல்கிறார்கள். இப்போது பக்கத்து நாடுகளிலிருந்தும் இந்த மாதிரி வாரிசு வேலைத் தகராறோடு என்னைத் தேடி வருகிறார்கள். வந்தவர்களிடம் நான் முதலில் கேட்பது, செத்தவர் பெண்டாட்டியைக் கேட்டீர்களா என்றுதான்.

மணி அடித்தது. பையன்கள் தட்டோடு ஓடிவந்தார்கள். பசி எனக்கும். சாம்பார் வாசத்தில் கூடிவிட்டது. ஒரு தட்டை எடுத்துக்கொண்டு நேரே அவளிடம் போய் நீட்டினேன். அவள் கரண்டியைத் தூக்கி, பையன்களுக்குப் பின்னால் இருந்த சுவரைக் காட்டினாள்.

“வரிசையில வாங்கண்ணா. பசங்க முதல்ல.”

இந்த மலையில் மிளகு வியாபாரிகளும் லாரிக்காரர்களும் எனக்கு எழுந்து நின்று வழிவிடுவார்கள். என்னைத் தட்டோடு வரிசைக்குப் பின்னால் நிற்க வைத்தவள் அவள் ஒருத்திதான். நின்றேன். நிற்க வைத்தது யார், என் தங்கச்சி. எட்டாவது வரைக்கும் படிக்க வைத்தது நான். முன்னால் நின்ற பையனிடம் அதைச் சொன்னேன். அவன் காதில் வாங்காமல் அண்டாவையே பார்த்துக்கொண்டிருந்தான்.